வெட்டும் கை யாருடையது? – ஷெர்லி கிளார்க்கின் சினிமா

எடிட்டிங் என்பதற்குத் தமிழில் 'படத்தொகுப்பு' என்று வைத்திருக்கிறோம். நல்ல சொல்தான். ஆனால் அதில் ஒரு வசதியும் இருக்கிறது. தொகுப்பது என்றால் சேர்ப்பது, கோர்ப்பது, பூத்தொடுப்பது மாதிரியான காரியம். யாருக்கும் அதில் நோவில்லை. எடிட்டிங் அறையில் உட்கார்ந்து வேலை பார்த்தவர்களைக் கேட்டால் 'கட்டிங்' என்பார்கள், வெட்டு. எடுத்ததில் பத்தில் ஒன்பது பங்கு கீழே கூடைக்குள் போகிறது. மிஞ்சிய ஒரு பங்கை ஒட்டி, 'இதுதான் நடந்தது' என்று நம் முன்னால் வைக்கிறார்கள். யாருடைய பேச்சு எந்த இடத்தில் நிறுத்தப்பட்டது, யார் நிறுத்தியது என்பதை ஒட்டு தெரியாமல் ஒட்டிய படம் நமக்குச் சொல்வதில்லை. சொல்லக்கூடாது என்பதுதான் தொழில் தர்மமே. வெட்டு கண்ணுக்குத் தெரிந்தால் எடிட்டருக்குக் கெட்ட பேர்.

இந்தத் தொழில் தர்மத்தை உள்ளிருந்தே மீறிய ஒருவரைப் பற்றித்தான் இங்கே எழுதுகிறேன். ஷெர்லி கிளார்க், அமெரிக்கர், 1919–1997. நாடகம், கறுப்பர் வாழ்க்கை, ஜாஸ், வீடியோ என்று எதைத் தொட்டாலும் பெரும்பாலும் தன் படங்களைத் தானே வெட்டியவர். அமெரிக்கச் சுயாதீன சினிமா என்றால் நம்மவர்கள் கஸவெட்டிஸ் பேரைச் சொல்வார்கள், ஜோனாஸ் மேக்காஸ் பேரைச் சொல்வார்கள். கிளார்க்கைச் சொல்பவர்கள் கம்மி. மேக்காஸ் முதலானோருடன் 1960ல் 'புதிய அமெரிக்க சினிமாக் குழு' அறிக்கையில் கையெழுத்திட்டவர்களில் அவரும் ஒருவர். 1962ல் ஃபிலிம் மேக்கர்ஸ் கோஆபரேட்டிவ் என்ற கூட்டுறவு விநியோக அமைப்பைத் தொடங்கியவர்களிலும் ஒருவர். அவர் பெயர் பின்னால் போனதற்கு 'பெண் என்பதால்' என்று ஒரே வரியில் பதில் சொல்லிவிடலாம். பதில் சரிதான், ஆனால் போதாது. அவர் படங்கள் பார்ப்பவர்களைச் சங்கடப்படுத்தின. இடதுசாரிகளையும் சேர்த்து.

பிறந்தது நியூயார்க்கில் பணக்கார யூதக் குடும்பத்தில். பிரிம்பெர்க் என்பது பிறந்த வீட்டுப் பெயர். தகப்பனார் போலந்திலிருந்து வந்து தொழிலில் பணம் பண்ணியவர். தங்கை எலைன் டண்டி பின்னாளில் நாவலாசிரியை. ஷெர்லிக்கு ஆசை நவீன நடனத்தில். நடனக்காரியாகப் பெரிதாக வரமுடியாது என்று தெரிந்தபோது கையிலிருந்த சின்ன 16 மி.மீ. காமிராவை வைத்துக்கொண்டு நடனத்தைப் படம்பிடிக்கத் தொடங்கினார். நியூயார்க் சிட்டி காலேஜில் ஹான்ஸ் ரிக்டரிடம் பாடம் கேட்டார். இதெல்லாம் வாழ்க்கைக் குறிப்பு, வேகமாகத் தாண்டிவிடலாம். ஆனால் நடனத்திலிருந்து வந்தவர் என்பதை மட்டும் தாண்டக்கூடாது.

ஏனென்றால் அவருடைய முதல் படமான 'டான்ஸ் இன் தி சன்' (1953) ஒரு வெட்டைப் பற்றிய படம். டேனியல் நாக்ரின் மேடையில் ஆடுகிறார். அதே ஆட்டத்தைக் கடற்கரையிலும் ஆடுகிறார். கிளார்க் இரண்டையும் அசைவின் நடுவிலேயே வெட்டி ஒட்டுகிறார். மேடையில் எம்பியவர் மணலில் வந்து விழுகிறார். உடம்பு ஒன்று, அசைவு ஒன்று, இடம் மட்டும் மாறிவிடுகிறது. நடனம் ஆடியவனுடையதா, வெட்டியவளுடையதா? இந்தக் கேள்வி அப்போது விளையாட்டாகத்தான் இருந்தது. ஆடியவருக்கும் நஷ்டமில்லை.

1958ல் 'பிரிட்ஜஸ் கோ ரவுண்ட்'. பிரஸ்ஸல்ஸ் உலகக் கண்காட்சியின் அமெரிக்க அரங்குக்காகச் சின்னச் சின்னச் சுழல்படங்கள் எடுத்தார்கள். அதில் மிஞ்சிய பாலக் காட்சிகளை எடுத்து, ஒன்றின்மேல் ஒன்று ஏற்றி, நியூயார்க் பாலங்களை ஆடவிட்டார் கிளார்க். நான்கு நிமிஷம்கூட இருக்காது. விசேஷம் என்னவென்றால் அந்தப் படத்துக்கு இரண்டு ஒலித்தடங்கள். ஒன்று லூயி, பெபே பாரன் தம்பதியின் மின்னணு ஒலி. இன்னொன்று டியோ மாஸெரோவின் ஜாஸ். இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்ப்பது வழக்கம். மின்னணு ஒலியோடு பார்த்தால் இரும்பு ராட்சசன் மாதிரிப் பாலம் நம்மை நசுக்க வருகிறது. ஜாஸோடு பார்த்தால் அதே பாலம் இடுப்பை வளைக்கிறது. படிமத்துக்குள் அர்த்தம் குடியிருக்கிறது என்று நம்புகிறவர்களுக்கு இதைவிட லேசான மறுப்பு கிடையாது. பிம்பம் எதையும் தானாகச் சொல்வதில்லை, பக்கத்தில் எதை வைக்கிறோமோ அதைப் பொறுத்துச் சொல்கிறது. குறியியல்காரர்கள் பக்கம் பக்கமாக எழுதியதை எட்டு நிமிஷத்துக்குள் போட்டுக் காட்டியிருக்கிறார் இந்தம்மா.

அடுத்த வருஷம் வில்லர்ட் வான் டைக்குடன் சேர்ந்து எடுத்த 'ஸ்கைஸ்கிரேப்பர்' குறும்படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. கட்டடக் கம்பெனிக்கான படம். அதை விட்டுவிடுவோம்.

அந்தச் சமயத்தில் நியூயார்க்கில் ரிச்சர்ட் லீக்காக், பென்னிபேக்கர் கூட்டம் புது வகை ஆவணப்படத்தைக் கொண்டுவந்துகொண்டிருந்தது. தோளில் தூக்கக்கூடிய காமிரா, கூடவே ஓடும் ஒலிப்பதிவுக் கருவி, விவரணைக் குரல் கிடையாது, கேள்வி கேட்பது கிடையாது. சுவரில் உட்கார்ந்த ஈ மாதிரி இருந்து பார்ப்பது. டைரக்ட் சினிமா என்றார்கள். பிரான்சில் இதற்கு உறவுக்காரன் ஒருவன் உண்டு, சினிமா வெரிதே. அவன் கொஞ்சம் நாணயமானவன், காமிராவை மறைக்கமாட்டான். கிளார்க்குக்கு இந்தக் கூட்டத்தோடு பழக்கம், கருவிகளையும் இடத்தையும் பகிர்ந்துகொண்டவர்கள். ஆனால் ஈ கதையை அவர் நம்பவில்லை. ஈக்கு எடிட்டிங் மேசை கிடையாது. காமிராவுக்குப் பின்னால் உள்ளவர் வாயை மூடிக்கொண்டிருந்தார் என்பதற்காக அவர் அங்கே இல்லை என்று ஆகிவிடுமா? பேசாமல் இருப்பதும் ஒரு பேச்சுதான், அதிலும் அதிகாரத்தில் இருப்பவரின் மௌனம்.

இந்தச் சந்தேகத்திலிருந்து பிறந்தது 'தி கனெக்ஷன்' (1961). ஜாக் கெல்பரின் நாடகம், லிவிங் தியேட்டர் 1959ல் மேடையேற்றியது. ஒரு பொத்தல் அறையில் ஹெராயின் பழக்கமுள்ள எட்டுப் பேர் தங்கள் 'கனெக்ஷன்' சரக்கோடு வருவதற்குக் காத்திருக்கிறார்கள். சிலர் நிஜமான ஜாஸ் வித்வான்கள். ஃப்ரெடி ரெட் பியானோ, ஜாக்கி மக்ளீன் சாக்ஸபோன். நாடகத்தில் ஒரு நாடகாசிரியனும் தயாரிப்பாளனும் பாத்திரங்களாக வருவார்கள். கிளார்க் அதை மாற்றினார். அவர்கள் இடத்தில் ஜிம் டன் என்ற ஆவணப்பட இயக்குநன், வெள்ளையன். ஜே.ஜே. பர்டன் என்ற காமிராக்காரர், கறுப்பர், ராஸ்கோ லீ பிரவுன் நடித்தது. போதைக்காரர்களுக்குக் காசு கொடுத்து அவர்களைப் படமெடுக்க வந்திருக்கிறான் டன். 'இயல்பா இருங்க, என்னைப் பார்க்காதீங்க' என்கிற ரகம். அவர்கள் திருப்பிக் கேட்கிறார்கள்: எங்களைப் பார்க்க வந்திருக்கியே, எங்களை மாதிரி நீயும் போட்டுக்கிட்டா என்ன? கடைசியில் அவனும் ஊசி போட்டுக்கொள்கிறான். படமெடுக்க வந்தவன் படத்துக்குள் விழுகிறான்.

பொதுவாக இந்தப் படத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் இதோடு நிறுத்திக்கொள்வார்கள், 'ஆவணப்படத்தின் மீதான விமர்சனம்' என்று. எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது படத்தின் முதல் நிமிஷம். டன் எடுத்ததை விட்டுவிட்டுப் போய்விட்டார், இந்தத் துண்டுகளை ஒன்றுசேர்த்தது நான்தான், அதற்குப் பொறுப்பும் என்னுடையது என்ற பொருளில் பர்டனின் பெயரால் ஒரு அறிவிப்பு வருகிறது. படத்தில் அதிகம் கண்ணில் படாத, காமிராவுக்குப் பின்னாலேயே நிற்கிற கறுப்பர்தான் இந்தக் கதையின் எடிட்டர்! வெள்ளை இயக்குநன் தன் வேலையை முடிக்கவில்லை, அவனையும் ஒரு பாத்திரமாக வைத்து வெட்டியவர் பர்டன். பார்வை யாருடையது, கதையாடல் யாருடையது என்ற கேள்வியைக் கிளார்க் இங்கே ஒரே திருப்பில் தலைகீழாக்கிவிடுகிறார். அந்தப் பர்டனை உண்டாக்கி வெட்டியதும் ஒரு வெள்ளைக்காரப் பெண்தான் என்பது அடுத்த சுற்றுச் சிக்கல். அது பின்னால் வரும்.

கான் விழாவில் பெயர் வாங்கிய இந்தப் படத்தை நியூயார்க் மாநிலத் தணிக்கை அனுமதிக்கவில்லை. காரணம் ஒரு சொல். மலத்தைக் குறிக்கிற கொச்சைச் சொல். பாத்திரங்கள் அதை ஹெராயினுக்கான பெயராகச் சொல்கிறார்கள். நம் இலக்கணத்தில் இதற்கு அழகான இரண்டு பெயர்கள் உண்டு. சபையில் சொல்லக்கூடாததை வேறு வார்த்தையில் சொன்னால் இடக்கரடக்கல். ஒரு கூட்டத்தார் தங்களுக்குள் ஒரு பொருளுக்கு வேறு பெயர் வைத்துக்கொண்டால் குழூஉக்குறி. தணிக்கை அதிகாரிகள் இடக்கரடக்கல் கேட்டார்கள், கிளார்க் குழூஉக்குறியை விட்டுக்கொடுக்கவில்லை. வழக்கு போனது. 1962ல் நீதிமன்றமும் ஏறக்குறைய இந்த வித்தியாசத்தைத்தான் சொன்னது. அந்தச் சொல் போதை உலகத்தின் மொழியாக வருகிறது, கொச்சை என்றாலும் ஆபாசம் இல்லை என்று. தீர்ப்பு வருவதற்குள் திரையிடல் ஒருமுறை நிறுத்தப்பட்டு, முதலீடு செய்தவர்களுக்குப் பணம் திரும்பாத நிலை வந்துவிட்டது. வழக்கில் ஜெயித்துப் படத்தில் தோற்பது என்பது எல்லா நாட்டிலும் நடக்கிற காரியம்தான்.

'தி கூல் வேர்ல்ட்' (1963) வாரன் மில்லரின் நாவலிலிருந்து எடுத்தது. ஹார்லெம் தெருக்களிலேயே, பெரும்பாலும் அந்தத் தெருப் பையன்களையே வைத்து எடுத்தார்கள். டியூக் என்ற பதினைந்து வயசுப் பையனுக்கு ஒரு துப்பாக்கி வேண்டும், துப்பாக்கி இருந்தால் கூட்டத்துக்குத் தலைவனாகலாம். தயாரிப்பு ஃப்ரெடரிக் வைஸ்மன். பின்னால் ஆவணப்படத்தில் பெரும்பெயராக வந்தவர் சினிமாவுக்குள் நுழைந்தது இந்த வழியாகத்தான். இசை மால் வால்ட்ரன், டிஸ்ஸி கில்லெஸ்பி. உதவிக்கு இருந்தவர்களில் மேடலின் ஆண்டர்சனும் உண்டு. கறுப்பினப் பெண் ஆவணப்படக்காரர்களில் முன்னோடி. படம் தொடங்கும்போதே ஒரு தெருப் பிரசங்கி திரை முழுக்க முகமாக வந்து வெள்ளையனைப் பிசாசு என்கிறார். யாரைப் பார்த்துச் சொல்கிறார்? காமிராவைப் பார்த்து. அதாவது நம்மையும், காமிராவுக்குப் பின்னாலுள்ள கிளார்க்கையும் பார்த்து. அந்த ஷாட்டை அவர் வெட்டியிருக்கலாம், வெட்டவில்லை. முதலில் வைத்தார்.

அந்தப் படத்தில் எனக்குப் பிடித்தது கதை அல்ல. கதைக்கு நடுவில் கதையை நிறுத்திவிட்டுத் தெருவைப் பார்க்கும் நேரங்கள்: நடைபாதையில் உட்கார்ந்திருப்பவர்கள், ஓடுகிற குழந்தைகள், கடை வாசல்கள். கதாபாத்திரத்தின் குரல் ஒருபக்கம் ஓட, இவர்கள் யாருக்கும் எதையும் விளக்காமல் இருந்துகொண்டிருக்கிறார்கள். கூட்டத்தலைவன், துப்பாக்கி, கொலை என்ற சட்டகம் ஹார்லெமைக் குற்றமாக மட்டும் பார்க்க நம்மைத் தள்ளுகிறது. தெரு அந்தச் சட்டகத்துக்குள் அடங்க மாட்டேன் என்கிறது. இரண்டும் ஒரே படத்துக்குள் சண்டை போடுகின்றன. சண்டையில் யார் ஜெயித்தது என்று என்னால் சொல்ல முடியவில்லை.

இங்கேதான் கேட்கவேண்டியிருக்கிறது: பணக்கார வீட்டு வெள்ளைப் பெண்ணுக்கு ஹார்லெமில் என்ன வேலை? கிளார்க்கே இதற்கு ஒரு பதில் சொல்லியிருக்கிறார். பெண் பிரச்சினையை நேரடியாக எதிர்கொள்ள முடியாததால் அதைக் கறுப்பர் பிரச்சினையாக இடம் மாற்றிக்கொண்டேன் என்ற அர்த்தத்தில். ஆண்களின் தொழிலில் அந்நியராக நின்ற அனுபவத்தை இன்னொரு அந்நியத்தின் மேல் ஏற்றிப் பார்த்தார். நேர்மையான வாக்குமூலம்தான். ஆனால் யோசித்தால் கொஞ்சம் பயமாகவும் இருக்கிறது. மற்றவனின் வலி எனக்கு உருவகமாகப் பயன்பட்டது என்பதும் அதற்கு அர்த்தம். தோழமை எங்கே முடிகிறது, கடன் வாங்குதல் எங்கே தொடங்குகிறது? விளிம்புநிலை மக்கள் பற்றி எழுதுகிற, படமெடுக்கிற எல்லோர் வீட்டு வாசலிலும் நிற்கிற கேள்வி இது.

அதே 1963ல் கவிஞர் ராபர்ட் ஃப்ராஸ்ட் பற்றி அவர் இயக்கிய ஆவணப்படத்துக்கு ஆஸ்கர் கிடைத்தது. தயாரிப்பாளர் கைக்குப் போனது சிலை.

பிறகு 'போர்ட்ரெய்ட் ஆஃப் ஜேஸன்' (1967). நான் இவ்வளவு தூரம் வந்ததே இதற்காகத்தான்.

1966 டிசம்பர் ஆரம்பத்தில் ஒரு ராத்திரி. நியூயார்க் செல்ஸி ஹோட்டலில் கிளார்க் குடியிருந்த அறை. ராத்திரி ஒன்பது மணிக்கு ஆரம்பித்துக் காலை ஒன்பது வரை. காமிரா முன்னால் ஒரே ஒரு ஆள், ஜேஸன் ஹாலிடே. கறுப்பர், தன்பாலீர்ப்பாளர், பணக்கார வீடுகளில் வேலைக்காரராக இருந்தவர், ஆட்களிடம் பேசியே காசு கறந்து பிழைத்தவர். எப்போதாவது ஒரு நாள் நைட் கிளப்பில் தனி நிகழ்ச்சி நடத்தவேண்டும் என்ற கனவோடு இருப்பவர். காமிராவுக்குப் பின்னால் கிளார்க், அவருடைய துணைவரும் கறுப்பின நடிகருமான கார்ல் லீ, படப்பிடிப்புக் குழுவினர் சிலர். (இங்கே ஒரு வார்த்தை. தமிழில் எழுதும்போது இயக்குநருக்கு 'அவர்', ஜேஸனுக்கு 'அவன்' என்று கை தானாகப் போகும். மொழிக்குள்ளேயே எடிட்டிங் மேசை இருக்கிறது. இருவருக்கும் 'அவர்' போடுகிறேன்.)

முதல் வாக்கியமே பெயர். என் பெயர் ஜேஸன் ஹாலிடே என்கிறார். மறுபடியும் சொல்கிறார். பிறகு சிரித்துக்கொண்டே, என் பெயர் ஏரன் பெய்ன் என்கிறார். அப்பன் வைத்த பெயர் ஒன்று, தான் ஆக்கிக்கொண்டது ஒன்று. தன்னிலை என்பது கட்டமைக்கப்படுவது என்று நாம் கோட்பாட்டில் படித்ததை இவர் பெயர் சொல்லியே நிகழ்த்திவிடுகிறார். அதற்கப்புறம் கதை, கதை, கதை. எஜமானிகளைப் பற்றி, போலீசைப் பற்றி, மனோதத்துவ டாக்டரைப் பற்றி, அடித்த தகப்பனைப் பற்றி. நடுவில் மே வெஸ்ட் மாதிரி நடித்துக் காட்டுகிறார், பாடுகிறார். குடிக்கிறார். சிரிக்கிறார், சிரித்துச் சிரித்து மூச்சுவாங்குகிறார். எது நிஜம், எது நடிப்பு என்று பிரிக்கப் போனால் நமக்குத்தான் அவமானம். எஜமானர்களுக்கு முன்னால் வாழ்நாள் பூராவும் நடித்துப் பிழைத்த ஒருவரிடம் நடிப்பை நீக்கிவிட்டு 'உண்மையான நீ'யைக் காட்டு என்று கேட்பதே எஜமானின் கேள்வி.

16 மி.மீ. காமிராவில் ஒரு சுருள் பத்துப் பதினோரு நிமிஷத்துக்குத்தான் வரும். சுருள் தீர்ந்தால் மாற்றவேண்டும். வழக்கமான எடிட்டர் இந்த இடைவெளியை ஒரு கை ஷாட்டோ ஜன்னல் ஷாட்டோ போட்டு மூடிவிடுவார். கிளார்க் மூடவில்லை. சுருள் தீருகிறது, திரை கறுப்பாகிறது, ஒலிநாடா மட்டும் ஓடுகிறது. இருட்டில் ஜேஸன் பேசிக்கொண்டே இருக்கிறார். காமிராவுக்குப் பின்னாலிருந்து உத்தரவுகள் கேட்கின்றன. திரும்பவும் பிம்பம் வரும்போது முகம் தெளிவில்லாமல் மங்கலாக வந்து மெல்லக் கூடுகிறது. முதல் தடவை பார்த்தபோது பிரதி சரியில்லையோ என்று நினைக்கத் தோன்றும். அப்புறம் புரிகிறது. இந்த மங்கலும் கறுப்பும்தான் இந்தப் படத்தின் தையல். உள்பக்கத் தையலை வெளிப்பக்கமாகத் திருப்பிப் போட்ட சட்டை மாதிரி.

படத்தில் ஜேஸன் ஒருவர் மட்டுமே தெரியவேண்டும், கேட்கவேண்டும் என்றுதான் முதலில் திட்டமிட்டிருந்தாராம். தங்கள் குரல்களை வெட்டிவிடுவதாக உத்தேசம். எடுத்ததைப் போட்டுப் பார்த்தபோது, அன்றிரவு நடந்தது என்னவோ அதில் நாங்கள் எல்லோரும் இருக்கிறோம், எங்களையும் உள்ளே விடாமல் அதைச் சொல்லமுடியாது என்று முடிவெடுத்ததாகக் கிளார்க் சொல்லியிருக்கிறார். சுயாதீன சினிமா வரலாற்றில் முக்கியமான எடிட்டிங் முடிவுகளில் ஒன்று இது என்று நினைக்கிறேன். அந்தக் குரல்கள் வெட்டப்பட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? ஒரு குடிகாரக் கறுப்பர் தன் கதையைச் சொல்லிச் சிரித்து, எந்தக் காரணமும் இல்லாமல் கடைசியில் உடைந்து அழுகிற படமாக இருந்திருக்கும். நாமும் 'ஐயோ பாவம், எவ்வளவு உண்மையான தருணம்' என்று எழுதியிருப்போம்.

இப்போது அப்படி எழுதமுடியாது. ஏனென்றால் அழுகைக்குக் காரணம் காதில் விழுகிறது. விடியற்காலை நெருங்கும்போது கார்ல் லீயின் குரல் ஜேஸனைக் குடைகிறது. நீ எனக்கு என்ன செய்தாய், ஏன் என்னைப் பற்றிப் பொய் சொன்னாய் என்று பழைய கணக்குகளை எடுத்து வசைபாடுகிறது. ஜேஸன் கண்ணீர் விடுகிறார், மன்னிப்புக் கேட்கிறார், உடனே மறுபடி சிரிக்கிறார். எந்தக் கண்ணீர் எந்தச் சிரிப்பு என்று அந்த அறையில் இருந்தவர்களுக்கே தெரிந்திருக்காது. கிளார்க் பின்னாளில் ஒரு பேட்டியில் மறைக்காமல் சொன்னார்: அன்றிரவைத் தொடங்கும்போது ஜேஸன்மேல் வெறுப்பும் பழிதீர்க்கும் எண்ணமும் தனக்குள் இருந்தது, போகப்போக அது அன்பாக மாறியது என்று. மாறியதோ இல்லையோ, தொடக்கத்தில் இருந்தது என்று ஒப்புக்கொண்டாரே.

இதை வைத்து இரண்டு கட்சி உண்டு. ஒரு கட்சி சொல்கிறது: கிளார்க் அதிகாரத்தை அம்பலப்படுத்திவிட்டார், தன்னையே குற்றவாளிக் கூண்டில் ஏற்றிவிட்டார், இதுதான் சுயவிமர்சன சினிமா. மற்றக் கட்சி: அம்பலப்படுத்தியதும் அவரே, அதனால் பெயர் வாங்கியதும் அவரே. ஒரு கறுப்பரைக் குடிக்கவைத்து, பன்னிரண்டு மணி நேரம் தூங்கவிடாமல் வைத்து உடைத்துவிட்டு, 'பாருங்கள், நான் எப்படி உடைத்தேன்' என்று காட்டுவதால் உடைத்தது இல்லை என்றாகாது. 2015ல் ஸ்டீவன் விண்டர் என்ற கறுப்பின இயக்குநர் 'ஜேஸன் அண்ட் ஷெர்லி' என்று ஒரு கற்பனைப் படமே எடுத்தார், அந்த ராத்திரியை ஜேஸன் பக்கமிருந்து திரும்ப நடத்திப் பார்க்க. கிளார்க்கின் படங்களை மீட்டு வெளியிட்டவர்கள் அதைக் கடுமையாக எதிர்த்தார்கள். சண்டை இன்னும் ஆறவில்லை.

நான் இந்த இரண்டாவது கட்சியைத் தள்ளமாட்டேன். தையலைக் காட்டுவது பாவமன்னிப்பு அல்ல. தமிழில் 'முடிவு' என்ற சொல்லுக்கு இரண்டு அர்த்தம்: இறுதி, தீர்மானம். இந்தப் படத்தில் இரண்டும் ஒருவர் கையில்தான் இருக்கிறது. போதும், முடிந்தது என்று காமிராவுக்குப் பின்னாலிருந்து சொல்வது கிளார்க்கின் குரல். ஜேஸன் சொல்லவில்லை. அவர் இன்னும் பேசியிருப்பார். பன்னிரண்டு மணி நேர இரவு ஒன்றேமுக்கால் மணி நேரப் படமானபோது எது போனது என்று தீர்மானித்ததும் அவரல்ல.

ஆனால் அவரைப் பலியாடாக மட்டும் பார்க்கிறவர்களோடும் எனக்குச் சண்டை உண்டு. அவர்கள் ஜேஸனின் திறமையை வெட்டிவிடுகிறார்கள். காமிரா தன்னிடம் என்ன எதிர்பார்க்கிறது என்று அவருக்குத் துல்லியமாகத் தெரியும். கண்ணீர் கேட்கிறாயா, இந்தா. நடுவில் ஓரிடத்தில், இந்தப் படம் தனக்கென்று ஒரு சொத்து மாதிரி, தான் செய்த ஒரு காரியம் என்று இருக்கும் என்ற சந்தோஷத்தைச் சொல்கிறார். அதைப் பொய்யென்று யார் சொல்வது? நைட் கிளப் நிகழ்ச்சிக்காக வாழ்நாளெல்லாம் ஒத்திகை பார்த்தவருக்குக் கிடைத்த மேடை இது ஒன்றுதான், அதில் ஒன்றேமுக்கால் மணி நேரம் கண்ணை எடுக்கவிடாமல் நம்மைக் கட்டிப்போடுகிறார். அதிகாரம் ஒருபக்கமாக மட்டும் ஓடுவதில்லை என்று ஃபூக்கோவை மேற்கோள் காட்டுகிறவர்கள் இதையும் பார்க்கவேண்டும்.

இந்தப் படத்துக்கு அப்புறம் முழுநீளப் படம் எடுக்கக் கிளார்க்குக்குப் பல வருஷங்கள் பணம் கிடைக்கவில்லை. அந்தக் காலகட்டத்தின் நல்ல ஆவணம் ஒன்று வேறொருவர் படத்தில் இருக்கிறது. ஆன்யெஸ் வர்தாவின் 'லயன்ஸ் லவ்' (1969). அதில் கிளார்க் கிளார்க்காகவே வருகிறார். ஹாலிவுட்டில் படமெடுக்க வந்த நியூயார்க் இயக்குநர். பேரம் எங்கே முறிகிறது தெரியுமா? இறுதி வெட்டு யாருக்கு என்ற இடத்தில். ஸ்டூடியோ தர மறுக்கிறது. அவர் தூக்க மாத்திரை விழுங்குவதாகக் காட்சி. கிளார்க் பாதியில், என்னால் இதைச் செய்யமுடியாது, காசுக்காக நான் சாகமாட்டேன் என்ற மாதிரி மறுத்துவிடுகிறார். வர்தா காமிராவுக்குப் பின்னாலிருந்து வந்து, கிளார்க்கின் சட்டையைத் தான் போட்டுக்கொண்டு, அந்த மாத்திரையைத் தானே விழுங்கிக் காட்டுகிறார். இதையும் வர்தா வெட்டாமல் படத்தில் வைத்திருக்கிறார். ஜேஸனிடம் கேட்டதை இன்னொரு இயக்குநர் தன்னிடம் கேட்டபோது கிளார்க்கால் 'மாட்டேன்' என்று சொல்ல முடிந்தது. சொல்லிவிட்டு நகர ஓர் இடமும் இருந்தது.

எழுபதுகளில் அவர் ஃபிலிமை விட்டு வீடியோவுக்குப் போனார். செல்ஸி ஹோட்டலின் மொட்டை மாடியில் 'டீபீ வீடியோ ஸ்பேஸ் ட்ரூப்' என்று ஒரு குழு, அவர் மகள் வெண்டியும் அதில் உண்டு. கையில் தூக்கும் வீடியோ காமிராக்கள், பல டி.வி. பெட்டிகள். வந்தவர்கள் எல்லோரும் எடுப்பார்கள், எடுக்கப்படுவார்கள், அந்தக் கணமே பெட்டியில் தங்களைப் பார்ப்பார்கள். ராத்திரி முழுக்க ஆடிவிட்டு விடியற்காலையில் முடிப்பார்கள். விமர்சகர்கள் இதை 'வீணாய்ப்போன காலம்' மாதிரி எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. ஜேஸன் படத்திலிருந்து எழுந்த கேள்விக்கு அவர் தேடிய ஒரு விடையாகவே படுகிறது: எடுக்கிறவர் இந்தப் பக்கம், எடுக்கப்படுபவர் அந்தப் பக்கம் என்ற கோட்டை அழித்துப் பார்ப்போமே, பின்னால் தனியாக உட்கார்ந்து வெட்டுகிற அறையே இல்லாமல் பண்ணினால் என்ன? பதிவாக மிஞ்சியது குறைவு. வெட்டாத ஒன்றைச் சேமிப்பதும் கஷ்டம், பிறருக்குக் காட்டுவதும் கஷ்டம். 1975லிருந்து லாஸ் ஏஞ்சல்ஸில் கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தினார்.

கடைசிப் படம் 'ஆர்னெட்: மேட் இன் அமெரிக்கா' (1985). ஜாஸில் இலக்கணத்தை உடைத்த ஆர்னெட் கோல்மன் பற்றியது. அறுபதுகளின் இறுதியில் கோல்மனையும் சின்னப் பையனாக டிரம்ஸ் வாசித்த மகன் டெனார்டோவையும் படம்பிடித்துக் கிடப்பில் போட்டிருந்தார். எண்பதுகளில் கோல்மன் தன் சொந்த ஊரான ஃபோர்ட் வொர்த்துக்குத் திரும்பி வாசித்ததை எடுத்து இரண்டையும் கலந்தார். மேசைக்கு வந்த ஷெர்லி இருபது வருஷத்தை ஒரு தாளத்தில் வெட்டுகிறார். சில இடங்களில் கண் கூசும் அளவு வேகம், வீடியோ தந்திரங்கள் நிறைய, எனக்கே கொஞ்சம் அதிகம். ஆனால் கோல்மன் பேசும்போது வெட்டு அடங்கிவிடுகிறது. அவர் தன் விருப்பப்படி நீளமாக, சுற்றிச் சுற்றிப் பேசுகிறார்.

கிளார்க் 1997ல் இறந்தார். ஜேஸன் அடுத்த வருஷம், 1998ல். 'போர்ட்ரெய்ட் ஆஃப் ஜேஸன்' நல்ல பிரதி இல்லாமல் ரொம்ப நாள் கிடந்தது. மைல்ஸ்டோன் ஃபிலிம்ஸ்காரர்கள் பல நாட்டு ஆவணக்காப்பகங்களில் தேடி, 2013ல் மீட்டெடுத்து வெளியிட்டார்கள். மூலப்பிரதி கிடைத்தது விஸ்கான்ஸின் ஆவணக்காப்பகத்தில். அங்கே அந்தப் பெட்டியின்மேல் அது படம் என்று எழுதியிருக்கவில்லை. வெட்டியெறிந்த துண்டுகள் என்று பட்டியலில் போட்டு வைத்திருந்தார்கள்.